சுவானி அணியின் 1899ஆம் ஆண்டுப் பருவம்: புகழும் மதிப்பீடும்

சுவானி அணி, அமெரிக்காவின் டென்னசி மாநிலத்தில் கம்பர்லாந்து மேட்டுநிலத்தின்மீது அமைந்துள்ள தென்னகப் பல்கலைக்கழகத்தின் கால்பந்து அணி. பல்கலைக்கழகம் இருக்கும் ஊரின் பெயராலேயே அணி அழைக்கப்படுகிறது. 1899ஆம் ஆண்டுப் பருவத்தில் இவ்வணி 12 ஆட்டங்கள் ஆடி அனைத்திலும் வென்றது. எடுத்த புள்ளிகள் 322, கொடுத்த புள்ளிகள் 10. நவம்பர் 9 முதல் 14 வரையிலான ஆறு நாட்களில் ஐந்து வெவ்வேறு ஊர்களில் ஐந்து ஆட்டங்களை ஆடி, எதிரணிகளுக்கு ஒரு புள்ளிகூடக் கொடுக்காமல் வென்றதே இப்பருவத்தின் புகழுக்குக் காரணம். இதற்காகவே அவ்வீரர்கள் பிற்காலத்தில் 'இரும்பு மனிதர்கள்' எனப்பட்டனர்.

அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தின் தொடக்ககாலம் பற்றி எழுதுபவர்கள் பெரும்பாலும் இந்த ஆறு நாட்களைக் குறிப்பிடாமல் விடுவதில்லை. ஆனால் ஆறு நாட்களைத் தாண்டி முழுப் பருவத்தையும் ஆராய்பவர்கள் குறைவு. ஆட்ட முடிவுகளை வரிசையாக வைத்துப் பார்த்தால் அணியின் உண்மையான வலிமையும், அவ்வலிமைக்கு வந்த சோதனையும் வேறு இடத்தில் இருப்பது தெரியவரும்.

கல்லூரியும் சூழலும்

தென்னகப் பல்கலைக்கழகம் அமெரிக்காவின் தென் மாநிலங்களைச் சேர்ந்த எபிஸ்கோப்பல் திருச்சபையின் ஆயர்களால் 1857ல் நிறுவப்பட்டது. 1860ல் அடிக்கல் நாட்டப்பட்டது. அதைத் தொடர்ந்து வந்த உள்நாட்டுப் போரால் பணி நின்றுபோய், 1868ல்தான் வகுப்புகள் தொடங்கின. மலைமேல் தனித்திருந்த சிறிய கல்லூரி அது. டெக்சாஸ், ஜார்ஜியா போன்ற மாநிலப் பல்கலைக்கழகங்களுக்கு இருந்த அரசு ஆதரவு அதற்கு இல்லை. அருகில் பெரிய நகரமும் இல்லாததால் சொந்த மைதானத்தில் கட்டணம் செலுத்திப் பார்க்க வரும் கூட்டம் குறைவாகவே இருந்தது.

இந்தக் கடைசிச் செய்தி முக்கியமானது. அக்காலக் கல்லூரி அணிகள் பெரும்பாலும் மாணவர்களாலேயே நடத்தப்பட்டன. பயணச்செலவு, பயிற்சியாளரின் ஊதியம், உடுப்பு ஆகிய அனைத்தும் நுழைவுக் கட்டண வருவாயிலிருந்தே வரவேண்டும். சுவானிக்கு நிலையான வருவாய் தந்துவந்தது நாஷ்வில் நகரத்தின் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகத்துடனான ஆட்டம். 1899ல் வருவாயைப் பங்கிடுவது தொடர்பாக இரு கல்லூரிகளுக்கும் தகராறு ஏற்பட்டு அவ்வாண்டு ஆட்டம் நடக்காமல் போயிற்று. அணி ஒரே அடியில் தன் பெரிய வருவாயை இழந்தது.

அன்றைய ஆட்டமுறை

தமிழில் கால்பந்து என்னும் சொல் காலால் உதைத்து ஆடும் உலகக் கால்பந்தையே குறிக்கிறது. சுவானி ஆடியது அதுவல்ல. அது ரக்பியிலிருந்து கிளைத்து, 1880க்குப் பின் தனி விதிகளைப் பெற்ற அமெரிக்கக் கால்பந்து. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி எதிரணியின் எல்லைக்கோட்டைக் கடப்பதே இதன் நோக்கம். எதிரணியினர் பந்தை ஏந்தியவரை மறித்துத் தரையில் வீழ்த்துவார்கள்.

1899ல் இவ்வாட்டம் இன்றைய வடிவத்திலிருந்து பெரிதும் மாறுபட்டிருந்தது. பந்தை முன்னோக்கி எறிய அனுமதி இல்லை. அந்த விதி 1906ல்தான் வந்தது. மூன்று முயற்சிகளில் ஐந்து கெஜம் முன்னேறினால் போதும். ஆகவே வீரர்கள் நெருக்கமாகத் திரண்டு, உடல்பலத்தால் எதிரணியின் நடுப்பகுதியைத் தள்ளிக்கொண்டு போவதே முதன்மையான உத்தி. எல்லைக்கோட்டைக் கடக்கும் டச்டவுனுக்கு 5 புள்ளிகள். அதன்பின் கம்பங்களுக்கு இடையே பந்தை உதைத்தால் மேலும் 1 புள்ளி. களத்திலிருந்து நேரடியாகக் கம்பங்களுக்கு இடையே உதைத்துவிட்டால் 5 புள்ளிகள். ஆட்டம் 35 நிமிடங்கள் கொண்ட இரு பகுதிகளாக வகுக்கப்பட்டிருந்தது.

மாற்று வீரர்கள் பற்றிய விதியை இங்கே தனியாகக் குறிப்பிட வேண்டும். களத்தை விட்டு வெளியேறிய வீரர் மீண்டும் அதே ஆட்டத்தில் இறங்க முடியாது. தாக்குதலுக்கு ஓர் அணி, தடுப்புக்கு ஓர் அணி என்னும் இன்றைய பிரிவும் அன்று இல்லை. பதினொரு பேரும் ஆட்டம் முழுவதும் இரண்டையும் செய்தார்கள். எனவே களத்தில் முழுநேரம் நின்றது சுவானி வீரர்களின் தனிச்சிறப்பு எனச் சொல்வதற்கில்லை. அன்றைய எல்லா அணிகளும் அவ்வாறே ஆடின. அதை ஆறு நாட்களில் ஐந்து முறை செய்ததே சுவானியின் சிறப்பு.

பயணத்தை அமைத்தவர்

இப்பருவத்தின் பயிற்சியாளர் பில்லி சூட்டர், பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்திலிருந்து வந்தவர். அணித்தலைவர் அலபாமாவின் மாண்ட்கோமரியைச் சேர்ந்த ஹென்றி சைபல்ஸ். ஆயினும் 1899ஆம் ஆண்டுப் பருவத்தை உருவாக்கியவர் என ஒருவரைச் சொல்ல வேண்டுமானால் அவர் அணியின் மாணவ மேலாளர் லூக் லீ. அப்போது அவருக்கு வயது 20.

வாண்டர்பில்ட் ஆட்டம் கைவிட்டுப்போனதும் லீ மேற்குத் திசையில் பார்த்தார். டெக்சாஸ், லூசியானா, மிசிசிப்பி மாநிலக் கல்லூரிகளுடன் பேசி, ஒரே ரயில் பயணத்தில் ஐந்து ஆட்டங்கள் அமையும்படி நாட்களை ஒதுக்கினார். போக வர ஏறத்தாழ 2500 மைல். தொலைவில் உள்ள ஒரு கல்லூரிக்கு ஒரே ஆட்டத்துக்காகச் சென்று திரும்பினால் வருவாய் பயணச்செலவிலேயே கரைந்துவிடும். அதே பயணத்தில் ஐந்து ஆட்டங்கள் என்றால் செலவு ஐந்தாகப் பகிரப்படும். ஆறு நாட்கள் என்னும் கணக்கு பிறந்தது இந்த வரவுசெலவுத் தேவையிலிருந்துதான். உடல் உறுதியை உலகுக்குக் காட்டுவதற்காக யாரும் அந்த அட்டவணையைத் தீட்டவில்லை.

லீ பின்னாளில் நாஷ்வில்லில் 'டென்னசியன்' நாளிதழைத் தொடங்கினார். 1911ல் அமெரிக்க மேலவை உறுப்பினரானார். முதல் உலகப்போர் முடிந்தபின், 1919 ஜனவரியில், நெதர்லாந்தில் அடைக்கலம் புகுந்திருந்த ஜெர்மானியப் பேரரசர் கைசரைப் பிடித்துவர முயன்று தோற்றதும் அவரே. பெரிய திட்டங்களைத் துணிந்து வகுப்பவர் என்பதற்கு அவர் வாழ்க்கை சான்று. அந்த இயல்பின் முதல் பெரிய வெளிப்பாடாக 1899ஆம் ஆண்டு ஆட்ட அட்டவணையைக் கொள்ளலாம்.

ஆட்ட முடிவுகள்

அக்டோபர் 21 – ஜார்ஜியா (அட்லாண்டா): 12–0
அக்டோபர் 23 – ஜார்ஜியா டெக் (அட்லாண்டா): 32–0
அக்டோபர் 28 – டென்னசி (சுவானி): 46–0
நவம்பர் 3 – சவுத்வெஸ்டர்ன் பிரெஸ்பிட்டீரியன் (சுவானி): 54–0
நவம்பர் 9 – டெக்சாஸ் (ஆஸ்டின்): 12–0
நவம்பர் 10 – டெக்சாஸ் ஏ அண்ட் எம் (ஹூஸ்டன்): 10–0
நவம்பர் 11 – துலேன் (நியூ ஆர்லியன்ஸ்): 23–0
நவம்பர் 13 – லூசியானா மாநிலப் பல்கலைக்கழகம் (பேட்டன் ரூஜ்): 34–0
நவம்பர் 14 – மிசிசிப்பி (மெம்ஃபிஸ்): 12–0
நவம்பர் 20 – கம்பர்லாந்து (சுவானி): 71–0
நவம்பர் 30 – ஆபர்ன் (மாண்ட்கோமரி): 11–10
டிசம்பர் 2 – வட கரோலினா (அட்லாண்டா): 5–0

ஆறு நாட்கள்: தொன்மமும் நாட்காட்டியும்

பயணத்தைச் சுற்றிப் பல கதைகள் உண்டு. ஊர் மாறினால் குடிநீர் ஒத்துக்கொள்ளாது என்று சுவானியின் ட்ரெம்லெட் ஊற்றுநீரை இரண்டு பீப்பாய்களில் ரயிலேற்றிக்கொண்டு போனார்கள் என்பது ஒன்று. வீரர்களின் காலணிகள் புறப்பட்ட நிலையத்திலேயே தங்கிவிட, பின்னால் வந்த ரயிலில் அவற்றை வரவழைத்தார்கள் என்பது மற்றொன்று. டெக்சாஸ் ஆட்டத்தில் அணித்தலைவர் சைபல்ஸ் தலைக்காயத்தில் இரத்தம் வழிய ஆடினார் என்பது தவறாமல் இடம்பெறும் மூன்றாவது கதை.

இக்கதைகள் எல்லாவற்றுக்கும் மேலாக நிலைபெற்றுவிட்ட ஒன்று, பைபிளின் படைப்புக் கதையை ஒட்டி அமைந்த வாசகம். ஆறு நாட்கள் உழைத்து ஏழாம் நாள் ஓய்ந்தார்கள் என்பது அதன் பொருள். திருச்சபைக் கல்லூரி ஒன்றின் அணிக்கு இந்த ஒப்புமை இயல்பாகப் பொருந்துகிறது. ஆனால் நாட்காட்டி அப்படிச் சொல்லவில்லை. வியாழன், வெள்ளி, சனி ஆகிய மூன்று நாட்கள் தொடர்ந்து ஆடினார்கள். நவம்பர் 12 ஞாயிற்றுக்கிழமை ஓய்வு. திங்களும் செவ்வாயும் மறுபடி ஆட்டம். பயணத்தின் நான்காம் நாளே ஓய்வு நாள்.

இந்தத் திருத்தம் சாதனையைக் குறைப்பதில்லை. பகலில் ஆடி, இரவில் ரயிலில் உறங்கி, மறுநாள் வேறொரு நகரத்தில் ஓய்வாகக் காத்திருந்த அணியை எதிர்கொள்வது எந்தக் காலத்திலும் கடினமானது. மூன்று நாட்களில் மூன்று அணிகளுடன் ஆடி ஒரு புள்ளியும் கொடுக்காமல் இருந்ததை எளிதாகத் தள்ளிவிட முடியாது. தொன்மம் எவ்வாறு செயல்படுகிறது என்பதை மட்டும் இது காட்டுகிறது. நிகழ்ந்ததைத் தனக்கு முன்பே பழக்கமான ஒரு கதையின் அச்சில் வார்த்துக்கொள்கிறது. அச்சில் அடங்காத ஞாயிற்றுக்கிழமை வெளியே விழுந்துவிடுகிறது.

எதிரணிகளின் தரம்

ஐந்து எதிரணிகளையும் ஒரே தட்டில் வைப்பது பொதுவான பிழை. துலேன் அணி அந்தப் பருவத்தில் ஓர் ஆட்டத்திலும் வெல்லவில்லை. லூசியானா மாநிலப் பல்கலைக்கழகம் ஒரே ஒரு வெற்றி பெற்றது, அதுவும் துலேனுக்கு எதிராக. சுவானி இவ்விரண்டு அணிகளுக்கு எதிராக மட்டும் 57 புள்ளிகள் எடுத்தது. ஐந்து ஆட்டங்களில் எடுத்த மொத்தப் புள்ளிகள் 91. அதில் பாதிக்கும் மேல் மிக வலுக்குறைந்த இரண்டு அணிகளிடமிருந்து வந்தவை.

டெக்சாஸின் இரு அணிகளும் வலுவானவை. அவற்றுக்கு எதிராக வந்த 12, 10 என்னும் எண்களே பயணத்தின் மதிப்பைத் தாங்கி நிற்பவை. பயணத்தின் முதல் இரண்டு நாட்களிலேயே கடினமான இரண்டு ஆட்டங்களும் முடிந்துவிட்டன என்பதையும் கவனிக்க வேண்டும். சோர்வு ஏற ஏற எதிரணியின் வலு குறைந்துவந்தது. லீ இதைத் திட்டமிட்டாரா, ரயில் பாதையின் போக்கில் தானாக அமைந்ததா என்பது எப்படியிருந்தாலும், அந்த வரிசை சுவானிக்குச் சாதகமாகவே இருந்தது.

ஆபர்ன் ஆட்டம்

முடிவுகளை மேலிருந்து கீழாகப் படித்தால் பருவம் இரண்டாகப் பிரிவது தெரியும். முதல் பத்து ஆட்டங்களில் சுவானி 306 புள்ளிகள் எடுத்து ஒரு புள்ளியும் கொடுக்கவில்லை. கடைசி இரண்டு ஆட்டங்களில் எடுத்தது 16, கொடுத்தது 10. நவம்பர் 20 அன்று பருவம் முடிந்திருந்தால் அப்பழுக்கற்ற கணக்கு ஒன்று மிஞ்சியிருக்கும். ஆனால் அந்த அணி எவ்வளவு நல்ல அணி என்பது தெரியாமலேயே போயிருக்கும்.

நவம்பர் 30, நன்றி நவிலும் நாள். மாண்ட்கோமரியில் சுவானியை எதிர்கொண்டது அலபாமாவின் ஆபர்ன் அணி. அதன் பயிற்சியாளர் ஜான் ஹைஸ்மன். இன்று சிறந்த கல்லூரி வீரருக்கு ஆண்டுதோறும் வழங்கப்படும் கோப்பை அவர் பெயராலேயே உள்ளது. அன்றைய ஆட்டத்தின் மந்தமான தள்ளுமுள்ளுக்கு மாற்றாக அவர் வேகத்தை முன்வைத்தார். ஒரு முயற்சி முடிந்து எதிரணி எழுந்து நிலைகொள்வதற்குள் அடுத்த முயற்சியைத் தொடங்கிவிடுவது ஆபர்னின் முறை.

இரும்பு மனிதர்கள் தங்கள் பருவத்தில் முதன்முறையாகத் தடுமாறியது இங்கேதான். அதுவரை எந்த அணியாலும் கடக்க முடியாத அவர்களின் தடுப்பு உடைந்து 10 புள்ளிகள் போயின. கடைசியில் சுவானி 11–10 என வென்றது. இடையிலிருந்தது ஒரே புள்ளி. டச்டவுனுக்குப் பின் அடிக்கும் ஓர் உதையின் மதிப்பு அவ்வளவுதான். ஹைஸ்மன் தோல்வியை ஏற்கவில்லை. நடுவரின் தீர்ப்புகளைக் குறைகூறிச் செய்தித்தாளில் எழுதினார். நடுவரும் பதில் எழுதினார். அந்த வழக்கைத் தீர்க்க இன்று வழியில்லை. ஆனால் அப்படியொரு வழக்கு எழும் அளவுக்கு ஆட்டம் நெருக்கமாக இருந்தது என்பது மறுக்க முடியாதது.

இரண்டு நாள் கழித்து, டிசம்பர் 2 அன்று, அட்லாண்டாவில் வட கரோலினாவுடன் அடுத்த ஆட்டம். அதில் 5–0 என வென்றது. ஒற்றை முறை எடுத்த புள்ளிகளால் கிடைத்த வெற்றி. ஆக, பருவத்தின் மிகக் கடினமான இரண்டு ஆட்டங்கள் மூன்று நாட்களுக்குள், இரண்டு மாநிலங்களில் நடந்தன. இரண்டையும் சேர்த்து சுவானி வென்ற வேறுபாடு வெறும் 6 புள்ளிகள்.

தோல்வியின் விளிம்புவரை போய்த் திரும்பிய இந்த மூன்று நாட்கள் தொன்மத்தில் அடிக்குறிப்பாகவே இடம்பெறுகின்றன. காரணத்தை ஊகிப்பது கடினமல்ல. 'ஆறு நாட்களில் ஐந்து வெற்றிகள், ஒரு புள்ளியும் கொடுக்கவில்லை' என்பதை ஒரே மூச்சில் சொல்லிவிடலாம். ஆபர்ன் ஆட்டத்தைச் சொல்வதற்கு எதிரணியின் திறமையையும் ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. 'இரும்பு' என்னும் அடைமொழியோடு அந்த 10 புள்ளிகள் பொருந்துவதில்லை.

உடலின் விலை

இரும்பு மனிதர்கள் என்ற பெயர் மறைக்கும் இன்னொன்று, அன்றைய ஆட்டத்தில் உடல்கள் பட்ட பாடு. சுவானியின் பருவம் தொடங்கியது அட்லாண்டாவில், ஜார்ஜியா பல்கலைக்கழக அணிக்கு எதிராக. இரண்டு ஆண்டுகளுக்கு முன், 1897 அக்டோபர் 30 அன்று, அதே நகரத்தில் விர்ஜீனியாவுக்கு எதிரான ஆட்டத்தில் ஜார்ஜியா அணியின் ரிச்சர்ட் வான் கேமன் தலையில் அடிபட்டு, மறுநாள் விடியுமுன் இறந்தார். ஜார்ஜியா சட்டமன்றம் கால்பந்து ஆட்டத்தைத் தடைசெய்யும் சட்ட முன்வரைவை நிறைவேற்றியது. மகன் விரும்பிய ஆட்டத்தை அவன் சாவைக் காரணம் காட்டி ஒழிக்க வேண்டாம் என இறந்தவரின் தாய் ரோசலிண்ட் கேமன் கடிதம் எழுதினார். ஆளுநர் ஆட்கின்சன் முன்வரைவுக்கு ஒப்புதல் அளிக்க மறுத்தார். ஆட்டம் தொடர்ந்தது.

அந்தத் தாயின் கடிதம் இன்றும் ஜார்ஜியா பல்கலைக்கழகத்தில் பெருமையோடு நினைவுகூரப்படுகிறது. ஆனால் அக்கடிதம் ஆட்டத்தின் ஆபத்தைக் குறைக்கவில்லை. தலைக்கவசம் கட்டாயம் இல்லை. நெருக்கமாகத் திரண்டு மோதும் உத்திக்கு வரம்பு குறைவு. 1905ஆம் ஆண்டுப் பருவத்தில் நேர்ந்த சாவுகளுக்குப் பின்னரே அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் தலையிட்டு, விதிகள் மாற்றப்பட்டு, கல்லூரி விளையாட்டுகளை ஒழுங்குபடுத்தும் பொது அமைப்பு உருவாயிற்று. முன்னோக்கி எறியும் அனுமதி வந்ததும் அந்தச் சீர்திருத்தத்தின் பகுதியாகத்தான்.

1899ல் சுவானி வீரர்கள் ஆடியது இந்த இடைக்காலத்தில். ஆபத்து எல்லோருக்கும் தெரிந்திருந்தது, அதைக் குறைக்கும் விதிகள் இன்னும் வரவில்லை. சோர்ந்த உடலே எளிதில் காயப்படும் என்பதை அறிய மருத்துவம் படித்திருக்க வேண்டியதில்லை. அந்த நிலையில் ஆறு நாட்களில் ஐந்து ஆட்டங்களுக்கு மாணவர்களை அழைத்துச் செல்வது வீரம் மட்டுமன்று, பொறுப்பற்ற செயலும்கூட. ரிச்சர்ட் வான் கேமனுக்கு நேர்ந்தது போன்ற ஒன்று ஹூஸ்டனிலோ பேட்டன் ரூஜிலோ நேர்ந்திருந்தால், அதே அட்டவணை கொடுமையின் சான்றாக இன்று எடுத்துக்காட்டப்பட்டிருக்கும். தொன்மம் முடிவைக் கொண்டே தொடக்கத்தை மதிப்பிடுகிறது. விமர்சனத்துக்கு அந்த வசதி இல்லை.

தெற்கின் வாகையர் என்னும் உரிமை

பருவம் முடிந்ததும் சுவானி தெற்கின் வாகையர் எனக் கொண்டாடப்பட்டது. தான் ஆடிய அணிகளைப் பொறுத்தவரை அந்த உரிமையில் பிழையில்லை. வடக்கில் அவ்வாண்டு ஹார்வர்டு அணியே முதன்மையானதாகக் கருதப்பட்டது. இரு பகுதிகளின் அணிகளும் மோதிக்கொள்ளாததால் ஒப்பீட்டுக்கு அடிப்படை இல்லை.

ஆனால் 'தெற்கு' என்ற சொல்லுக்குள் யாரெல்லாம் இருந்தார்கள் என்று கேட்க வேண்டும். பன்னிரண்டு எதிரணிகளும் வெள்ளையர் மட்டுமே பயின்ற கல்லூரிகளைச் சேர்ந்தவை. அதே தென் மாநிலங்களில் கறுப்பின மாணவர்களின் கல்லூரிகளும் இந்த ஆட்டத்தை ஆடிவந்தன. 1892 டிசம்பர் 27 அன்று வட கரோலினாவின் சாலிஸ்பரியில் பிடில், லிவிங்ஸ்டன் கல்லூரிகள் ஆடிய ஆட்டம் அவ்வகையில் முதலாவதாகக் கொள்ளப்படுகிறது. ரயில் பெட்டிகளில் இனப்பிரிவினை சட்டப்படி செல்லும் என அமெரிக்க உச்சநீதிமன்றம் 1896ல் தீர்ப்பளித்திருந்தது. சுவானி அணி 2500 மைல் ரயிலில் போனது அத்தீர்ப்பு வந்து மூன்றாண்டுகளுக்குப் பின். அந்தப் பாதையில் அதே தடையின்றி ஒரு கறுப்பினக் கல்லூரியின் அணி பயணம் செய்திருக்க முடியாது. இதற்குத் தனிப்பட்ட வீரர்களைப் பொறுப்பாக்குவது பொருந்தாது. ஆனால் 'தெற்கின் வாகையர்' என்னும் பட்டத்தை எழுதும்போது, அந்தத் தெற்கு கறுப்பின மக்களை வெளியே நிறுத்தி வரையப்பட்டது என்பதையும் சேர்த்தே எழுத வேண்டும்.

பிற்காலம்

சுவானி 1932ல் உருவான தென்கிழக்கு மாநாட்டின் நிறுவன உறுப்பினர்களுள் ஒன்று. 1899ல் அது வீழ்த்திய ஜார்ஜியா, டென்னசி, துலேன், லூசியானா, மிசிசிப்பி, ஆபர்ன் ஆகியவையும் அதில் இடம்பெற்றிருந்தன. இம்முறை நிலைமை தலைகீழாயிற்று. மாநாட்டில் தான் ஆடிய 37 ஆட்டங்களிலும் சுவானி தோற்றது. 1940ல் விலகியது. பின் விளையாட்டுக்கான உதவித்தொகையை நிறுத்தி, மாணவர்கள் ஆர்வத்தால் மட்டும் ஆடும் சிறிய அணியாகத் தொடர்கிறது.

இந்த வீழ்ச்சியை அவமானமாகக் காண வேண்டியதில்லை. பெரிய மாநிலப் பல்கலைக்கழகங்கள் பெருஞ்செலவில் அணிகளை வளர்க்கத் தொடங்கியபின், மலைமேல் இருந்த சிறு கல்லூரி ஒன்று அவற்றுக்கு ஈடுகொடுக்க முடியாது. 1899ல் மாணவர் ஒருவரின் திட்டமிடலும் சில வீரர்களின் திறமையும் போதுமாக இருந்தன. நாற்பது ஆண்டுகளில் ஆட்டத்தை முடிவு செய்யும் சக்தியாகப் பணம் மாறிவிட்டது. 1899 பயணமே பணத்தின் பொருட்டு நடந்தது என்பதை நினைத்தால், பிற்காலத்தின் விதை அங்கேயே இருந்தது எனலாம். களத்தில் தோல்விகள் பெருகிய காலத்தில் பழைய பருவத்தின் நினைவு கல்லூரிக்கு மேலும் அரியதாயிற்று. தொன்மம் இத்தனை உறுதியாக நிலைத்ததற்கு அந்த 37 தோல்விகளுக்கும் பங்குண்டு.

மதிப்பீடு

1899ஆம் ஆண்டு சுவானி அணி தன் காலத்தின் தென்னக அணிகளுள் மிகச் சிறந்தது என்பதில் ஐயமில்லை. 12 ஆட்டங்களில் 11ல் எதிரணி ஒரு புள்ளியும் எடுக்க முடியவில்லை என்பது எவ்வகையில் பார்த்தாலும் பெரிய சாதனை.

ஆனால் அச்சாதனையை ஆறு நாட்களுக்குள் சுருக்கும்போது மூன்று இழப்புகள் நேர்கின்றன. முதலாவது, திட்டமிட்டவரின் அறிவு வீரர்களின் தசைக்குள் மறைந்துபோகிறது. இரண்டாவது, அணியை உண்மையில் சோதித்த ஆபர்னும் வட கரோலினாவும் கதையின் ஓரத்துக்குத் தள்ளப்படுகின்றன. மூன்றாவது, மாணவர்களின் உடலைப் பணயம் வைத்த ஓர் ஏற்பாடு கேள்விக்கு அப்பாற்பட்ட வீரச்செயலாகிவிடுகிறது.

எதிர்ப்பே இல்லாமல் வந்த 71–0 ஓர் அணியைப் பற்றி அதிகம் சொல்வதில்லை. 11–10 சொல்கிறது. தம்மைவிட வேகமான அணியிடம் முதன்முறையாகப் புள்ளிகளை இழந்து, ஒரே புள்ளியில் தப்பி, இரண்டு நாட்களில் வேறொரு மாநிலத்துக்குப் போய் அடுத்த வலுவான அணியையும் ஒரு புள்ளியும் எடுக்கவிடாமல் நிறுத்தியவர்கள் அவர்கள். இப்பருவத்தை ஆராயும் மாணவர் நவம்பர் 9ல் தொடங்குவதைவிட நவம்பர் 30ல் தொடங்கினால் அந்த அணியை நன்றாக அறிந்துகொள்வார். இரும்பு என்னும் அடைமொழி அவர்களுக்குத் தேவைப்படாத இடம் அது.